வடக்கு வாசலின் உட்புறம்

கோட்டையின் வடக்கு வாசலில் குரு நல்லமுத்தர் தங்கியிருந்தார். பெரிய கதவை யாரும் திறப்பதில்லை. அதில் ஓர் ஆள் குனிந்து நுழையும்படி ஒரு திட்டிவாசல். அதைக் காலையில் திறந்து மாலையில் பூட்டுவார்.

ஒருநாள் மத்தியானம் அவருடைய சீடப்பெண் வடிவு ஓடிவந்தாள். இடுப்பில் கைக்குழந்தை.

"சாமி, சாவியைக் கொடுங்கள்."

"முதலில் தண்ணீர் குடி."

"வடக்கே மூன்று ஊரில் காய்ச்சல். படுத்தவர்கள் எழுந்திருக்கவில்லையாம். நாலு வாசலையும் பூட்டி, சாவிகளை மதில் மேலிருந்து அகழியில் போட்டுவிட ஊரில் முடிவு. இந்த வாசல் சாவியை நானே போடுகிறேன் என்று சொல்லிவிட்டு வந்திருக்கிறேன்."

"அகழியில் எதற்கு? ஆணியில் மாட்டினால் தொங்காதா?"

"விளையாடாதீர்கள் சாமி. வெளியே எவளாவது பிள்ளையோடு வந்து அழுவாள். எனக்கு மனசு இளகிவிடும். சாவியே இல்லாவிட்டால் இளகி என்ன ஆகப்போகிறது?"

குரு எழுந்து போய்த் திட்டிவாசலைப் பூட்டினார். வடிவு பூட்டை இரண்டு தடவை இழுத்துப் பார்த்தாள்.

"கதவைத் தடவிப் பார்" என்றார் குரு.

மரமெங்கும் கீறல்கள்.

"எதிரிகளின் ஈட்டியா சாமி?"

"எதிரி அந்தப் பக்கம் அல்லவா நிற்பான்?"

வடிவு குனிந்தாள். மேலே இருந்தவை ஆழமான வெட்டுகள். கீழே, முழங்கால் உயரத்தில், மெல்லிய கோடுகள். நான்கு நான்காக. கதவைத் தொடப் போன குழந்தையின் கையைச் சட்டென்று பிடித்துக்கொண்டாள்.

"என் குருவின் குரு காலத்தில் நடந்தது. அன்றும் வடக்கே காய்ச்சல். பூட்டினார்கள், சாவிகளை எறிந்தார்கள். மூன்றாம் நாள் தெற்குத் தெருவில் ஒரு வீட்டில் காய்ச்சல் கண்டது."

"கதவை உடைத்திருக்கலாமே!"

"யானை முட்டினாலும் அசையாத கதவு, அம்மா. ஊரே கூடிப் பெருமையாகச் செய்தது."

அவர் சாவியை நீட்டினார். அவள் வாங்கிக்கொண்டாள். மதில் படிக்கட்டுப் பக்கம் பார்த்தாள். பிறகு குழந்தையின் நெற்றியில் புறங்கையை வைத்து, எடுத்து, மறுபடி வைத்தாள்.

"சாமி, காய்ச்சல் வெளியேதானே இருக்கிறது? உள்ளே இன்னும் வரவில்லையே?"

"அன்றும் இதைத்தான் கேட்டார்கள்" என்றார் குரு. "சாவியை எறிந்த பிறகு."