நாவல்துறையில் ஆயிரம் யானை

“ஏட்டில் உள்ளதைச் சொல்லிக்கொடுக்கத் துப்பில்லை. ஏட்டைக் குறை சொல்ல வந்துவிட்டீரா?”

“குறை சொல்லவில்லை புலவரே. பிள்ளைகளுக்கு அதில் பிடிமானம் இல்லை என்கிறேன்.”

“பிடிமானம் வேண்டுமானால் நல்ல பிரம்பு ஒன்று வாங்கித் தருகிறேன். என் தகப்பனார் எழுதிய அறுநூறு வரி. ஐந்து வயதில் நான் ஒரு மூச்சில் ஒப்பித்தேன்.”

“ஒப்பித்தீர்கள். நடுவில் யாராவது ஒரு கேள்வி கேட்டார்களா?”

முன்னொரு காலத்தில் ஒரு ராஜசபையில், ராஜா கொலுவிருக்கும்போதே இரண்டு பேர் இப்படிக் குரல் உயர்த்திக்கொண்டார்கள். எந்த ஊர், எந்த ராஜா என்று என்னைக் கேட்காதீர்கள். சொன்னால் அந்த வம்சத்தார் யாராவது நாளைக்கு வாசலில் வந்து நிற்பார்கள். நமக்கெதற்கு வம்பு?

கத்தியவர்களில் ஒருவர் கீர்த்திவாணர், சபைப் புலவர். குரல் பெரிது, உடம்பு அதைவிடப் பெரிது. அந்த ராஜ வம்சத்தின் வீரச் சரிதத்தை எழுதியவர் அவருடைய தகப்பனார். எழுதியவர் போய்ச் சேர்ந்துவிட்டாலும் பெருமையை மகன் விடாமல் காப்பாற்றி வந்தார். இன்னொருவர் அரண்மனைப் பள்ளிக்கூடத்து வாத்தியார் திருமேனி. அவர் கோழியைக்கூட அதட்டி விரட்டத் தெரியாதவர். அன்று குரல் எழும்பியது என்றால் அதற்குக் காரணம் இருந்தது.

அன்று காலை ராஜாவுக்கு ஓர் ஆசை வந்தது. ராஜாக்களுக்கு வரும் ஆசையைப் பற்றித்தான் நமக்குத் தெரியுமே. தம் பாட்டனார் நாவல்துறையில் ஜெயித்த சண்டையைப் பிள்ளைகள் வாயால் கேட்க வேண்டும் என்று பள்ளிக்கூடத்துக்கே வந்துவிட்டார். இருபத்திரண்டு பிள்ளைகளும் எழுந்து நின்று, ‘ஆயிரம் யானை அணிவகுக்க, ஆற்று நீர் எல்லாம் அவை குடிக்க’ என்று ஆலங்கட்டி மழை மாதிரிப் பொழிந்தார்கள். ராஜாவுக்குச் சந்தோஷம். “சரி, என் பாட்டனார் எதற்காக அந்தத் துறைக்குப் போனார்?” என்று கேட்டார். பிள்ளைகள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தார்கள். பிறகு முதல் வரியிலிருந்து மறுபடி ஆரம்பித்தார்கள். ராஜா கையமர்த்தி இன்னொரு முறை கேட்டார். இந்த முறை இன்னும் வேகமாக ஒப்பித்தார்கள்.

அந்தக் கோபத்தோடுதான் ராஜா சபைக்கு வந்தார். சண்டையைக் கொஞ்ச நேரம் கேட்டுவிட்டுத் தீர்ப்புச் சொன்னார்.

“பதினைந்து நாள் அவகாசம். அந்தப் போரைப் பிள்ளைகள் நேரில் நின்று பார்த்தவர்களைப்போலச் சொல்ல வேண்டும். தவறினால் வாத்தியார் வடக்கு வாசல் வழியாக வெளியேறலாம்.”

வடக்கு வாசல் வழியாகப் போனவர்கள் அந்த ஊருக்குத் திரும்புவதில்லை. நந்தவனத்து அதிகாரியின் மகள் அலர்மேலுவுக்கும் திருமேனிக்கும் தை மாதம் முகூர்த்தம் பேசியிருந்தார்கள். மாமனாராகப் போகிறவரோ, “பள்ளிக்கூடம் உள்ள வாத்தியாருக்குத்தான் பெண்” என்று ஊர் முழுக்கச் சொல்லி வைத்திருந்தார். வடக்கு வாசலுக்கு அப்பால் பள்ளிக்கூடமும் கிடையாது, அலர்மேலுவும் கிடையாது.

கீர்த்திவாணர் அதோடு விட்டாரா? “மகாராஜா, ஏட்டில் பிடிமானம் இல்லை என்று வாத்தியாரே சொன்னார். ஆகவே அவருக்கு அது தேவைப்படாது. பெட்டியில் வைத்துப் பூட்டிச் சாவியை நானே வைத்துக்கொள்கிறேன்” என்றார்.

தூணோரம் உட்கார்ந்து பொரி கொறித்துக்கொண்டிருந்த மருதப்பன் அப்போதுதான் எழுந்தான். சபையின் விகடகவி அவன். புலவருக்கு அவனைக் கண்டால் ஆகாது. சபையில் அவன் பேசினால்தான் ராஜா விழித்திருக்கிறார் என்பது அவருடைய நெடுநாள் மனத்தாங்கல்.

“மகாராஜா, நேரில் நின்று பார்த்ததுபோல என்றுதானே உத்தரவு?”

“ஆம்.”

“அப்படியானால் பாடம் நடத்த ஆயிரம் யானை வேண்டும்.”

“என் யானைக்கொட்டிலில் இருப்பவை முப்பத்தேழு.”

“அதை வைத்து ஆரம்பிக்கிறோம். பாக்கிக்குப் புலவர் ஒரு வழி சொல்லாமலா போய்விடுவார்.”

“வடக்கு வாசலை இவனுக்கும் சேர்த்துத் திறந்து வைக்கட்டும், மகாராஜா” என்றார் புலவர்.

“அப்படியே ஆகட்டும்” என்றார் ராஜா.

மறுநாள் காலை நாவல்துறைக்கு முப்பத்தேழு யானைகளும் இருபத்திரண்டு பிள்ளைகளும் போனார்கள். வேலைவெட்டியை விட்டுவிட்டு ஊரில் பாதியும் போனது. திருமேனி வாத்தியார் நடுவில், தம் கல்யாணத்துக்குத் தாமே விருந்தாளியாக வந்தவர்போல நின்றார். பாகர்கள் யானைகளைக் கரையோரம் வரிசையாக நிறுத்தினார்கள். பன்னிரண்டு நின்றதும் கரை முடிந்துவிட்டது. ஒரு பக்கம் பாறை, மறுபக்கம் உளைச்சேறு. பதின்மூன்றாவது யானை ஒரு காலை உளையில் வைத்துப் பார்த்துவிட்டுப் பின்வாங்கியது.

மடைப்பள்ளிச் சமையல்காரர் மகள் நாச்சியார் விரல் விட்டு எண்ணினாள். “வாத்தியாரே, பன்னெண்டுதான் நிக்குது. மத்த தொள்ளாயிரத்து எண்பத்தெட்டும் அன்னிக்கு எங்க நின்னுச்சு?”

வேறு நாளாக இருந்தால், “ஏட்டில் இருக்கிறது, சொல்” என்று முடித்திருப்பார். இப்போது கையில் ஏடும் இல்லை. பதினோரு வருஷ வாத்தியார் வேலையில் முதல் தடவையாக அவர் வாயிலிருந்து வந்தது இதுதான்: “எனக்குத் தெரியாதே அம்மா.”

பிள்ளைகளின் முகத்தைப் பார்க்க வேண்டுமே. கரும்புத் தோட்டத்துக்குள் அவிழ்த்துவிட்ட கன்றுகள்போல ஆகிவிட்டார்கள்.

“அப்பாடா, பள்ளிக்கூடம் திறந்தாயிற்று” என்றான் மருதப்பன்.

அதன்பிறகு பிள்ளைகளைக் கையில் பிடிக்க முடியவில்லை. ஒரு யானை ஒரு நாளைக்கு எவ்வளவு தின்னும் என்று பாகர்களைத் துளைத்தார்கள். ஆயிரம் யானை வந்திருந்தால் கரையில் ஒரு மூங்கில் மிஞ்சியிருக்காதே என்று தங்களுக்குள் சண்டை போட்டார்கள். எதிர்க்கரை உழவர்களிடம் போய், அந்தக் காலத்தில் அங்கே என்ன நடந்தது என்று கேட்டார்கள். ஒன்பதாம் நாள், துறைக்குக் கீழே பரிசல்காரர் குடியிருப்புக்கு வந்து சேர்ந்தார்கள்.

அங்கே செவத்தாள் என்கிற பரிசல்காரி பழைய பரிசல் ஒன்றைக் கவிழ்த்துப் போட்டு, எருமைத்தோலில் தண்ணீர் புகாதபடி குங்கிலியம் பூசிக்கொண்டிருந்தாள். பக்கத்தில் புதுத் தோல் ஒன்று சுருட்டி வைத்திருந்தது.

“இது ஏது அக்கா?” என்றாள் நாச்சியார்.

“அரமனைத் தோலு. வருசா வருசம் ஆடிப் பதினெட்டுக்கு அங்கேருந்து ஒண்ணு வரும்.”

“எதுக்கு அனுப்புறாங்க?”

“அனுப்புறவங்களுக்கே தெரியாது, தாயி. எங்களுக்குத் தெரியும். யாரு வந்து கேட்டா?”

பிள்ளைகள் அப்படியே மணலில் உட்கார்ந்துவிட்டார்கள்.

“எங்க மாமியாளோட மாமியா இதே எடத்துல பரிசலுக்குப் பூசிக்கிட்டிருந்திருக்கா. ஒரு ஆளு மூச்சிரைக்க ஓடியாந்தான். கிரீடத்த மடியில கட்டியிருக்கான். படை செதறிப் போச்சு, தொரத்திக்கிட்டு வராங்கன்னான். இவ சட்டுனு பரிசல அவன்மேல கவுத்துட்டா. பின்னாடியே எதிரி தளபதிங்க வந்தானுவ. வந்தவனுவ அதுமேலயே குந்தி, வெத்தல போட்டுக்கிட்டு, நாளைக்கு எங்க ஆத்தக் கடக்கலாம்னு பேசினானுவ. உள்ள இருந்தவரு அம்புட்டையும் கேட்டாரு. மறுநா மிச்சமிருந்த யானையக் கூட்டிக்கிட்டு அவனுவ சொன்ன நாவல்துறையிலயே போயி நின்னாரு, செயிச்சாரு. ஒரு தோலு எனக்கு உசுரு குடுத்துச்சு, வருசத்துக்கு ஒண்ணு நான் தரேன்னு அவரு கையால முதத் தோலக் குடுத்தாராம்.”

திருமேனி மருதப்பனை ஓரமாக இழுத்தார். “ராஜாவின் பாட்டனார் பரிசலுக்கு அடியில் ஒளிந்தார் என்று ராஜா எதிரிலேயே சொல்வதா? வடக்கு வாசல் போதாது, கழுமரமே நடுவார்கள்.”

“பிள்ளைகள் கேட்டுவிட்டார்களே ஐயா. அவர்கள் வாயை எந்தப் பெட்டியில் வைத்துப் பூட்டுவது?”

பதினைந்தாம் நாள் ராஜா பரிவாரத்தோடு துறைக்கு வந்தார். பிள்ளைகள் ஒப்பிக்கவில்லை, கையைப் பிடித்து இழுக்காத குறையாக ராஜாவை இடம் இடமாக நடத்திக் காட்டினார்கள். இங்கேதான் யானை நின்றது, எண்ணிப் பாருங்கள். அக்கரையில் விளைந்த நெல்லை எதிரிகள் அள்ளிப்போனார்கள், ஜனங்கள் வந்து அழுதார்கள், அதைக் கேட்கத்தான் உங்கள் பாட்டனார் வந்தார். கடைசியாகச் செவத்தாளின் குடியிருப்புக்குக் கூட்டிப்போய், நாச்சியார் பரிசல் சங்கதியைக் கூட்டாமல் குறைக்காமல் சொன்னாள்.

ராஜாவின் மீசை ஆடவில்லை. திருமேனி கண்ணை மூடிக்கொண்டார்.

“ராஜத் துரோகம்” என்றார் கீர்த்திவாணர். “மகாவீரர் ஒருவர் கூடைக்குள் கோழிக்குஞ்சுபோல ஒளிந்தாராம். அவ்வளவு பெரிய உடம்பு அதில் அடங்குமா? அடங்கினாலும் வெளியே பேசுவது காதில் விழுமா? எருமைத்தோல், மகாராஜா.”

“மருதப்பா, பதில் உண்டா?”

“இல்லை மகாராஜா. அன்று நான் அங்கே இல்லை. நேரில் பார்க்க வேண்டும் என்பது தங்கள் உத்தரவு. நாங்கள் எல்லோரும் பார்த்தாயிற்று, புலவர் ஒருவர்தான் பாக்கி. அவரே உள்ளே போய்ப் பார்க்கட்டும். வெளியே வந்து, ஒன்றும் கேட்கவில்லை என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும். நானும் வாத்தியாரும் இப்படியே வடக்கே நடக்கிறோம்.”

புலவர் மனத்துக்குள் கணக்குப் போட்டார். என்ன கேட்டாலும் கேட்கவில்லை என்று சொன்னால் ஆயிற்று. அங்கவஸ்திரத்தை இடுப்பில் கட்டிக்கொண்டு தாமாகவே மணலில் குந்தினார். செவத்தாள் பரிசலைக் கவிழ்த்தாள். அந்தப் பெரிய உடம்பு முழுக்க உள்ளே போய்விட்டது. மேலே ஆறு பிள்ளைகள் ஏறி உட்கார்ந்தார்கள்.

மருதப்பன் சாதாரணக் குரலில் பேச்சுக் கொடுத்தான். “புலவர் இல்லாத நேரத்தில் ஒன்று கேட்கிறேன், மகாராஜா. போன பிறந்தநாளுக்கு அவர் தங்கள்மேல் பாடிய பாட்டு, முன்பே பக்கத்து நாட்டு ராஜாமேல் பாடியதுதானாமே. பேரை மட்டும் மாற்றினாராம்.”

பரிசல் லேசாக அசைந்தது. சத்தம் வரவில்லை.

ராஜாவும் லேசுப்பட்டவர் அல்ல. “அப்படியா” என்றார்.

“அதுகூடப் பரவாயில்லை. அந்தப் பாட்டே அவருடையது இல்லையாம். எழுதிக்கொடுத்தது அவர் மைத்துனராம்.”

“பொய், மகாராஜா, பொய்” என்று பரிசல் பேசியது. “அந்த மடையனுக்கு எதுகைக்கும் மோனைக்கும் வித்தியாசம் தெரியாது. பக்கத்து ராஜாவுக்குப் பாடியது வாஸ்தவம். ஆனால் பாட்டு என்னுடையது.”

மேலே இருந்த ஆறு பிள்ளைகளும் ஆட்டத்தில் மணலில் சரிந்தார்கள். ராஜா சிரித்த சிரிப்பில், துறையில் அணிவகுத்திருந்த பன்னிரண்டு யானைகளும் காதை நிமிர்த்தின. அவர் பாறையில் சாய்ந்து, கண்ணைத் துடைத்து, மறுபடி பரிசலைப் பார்த்துவிட்டு மறுபடி சிரித்தார்.

சிரிப்பு அடங்கியதும் செவத்தாளிடம் நடந்து போனார். சுருட்டி வைத்திருந்த அந்தத் தோலை எடுத்து, இரண்டு கையாலும் அவளிடம் நீட்டினார். “என் பாட்டனார் நன்றி சொன்னார் அம்மா. நாங்கள் தோலை மட்டும் அனுப்பிக்கொண்டிருந்தோம். சொல்ல வேண்டியதை மறந்துவிட்டோம்.”

செவத்தாள் குங்கிலியக் கையை முந்தானையில் துடைத்துவிட்டு வாங்கிக்கொண்டாள். “இருக்கட்டுங்க ராசா. இந்தப் புள்ளைவ கேட்டதே போதும்” என்றாள்.

தம் கழுத்து முத்துமாலையை மருதப்பனுக்குப் போட்டுவிட்டு, இன்னும் என்ன வேண்டும் என்று கேட்டார் ராஜா. ஏட்டுப் பெட்டியின் சாவி வாத்தியாருக்கு வேண்டும் என்றான் அவன். “எரிக்கவா?” என்றார் ராஜா. “படிக்கத்தான் மகாராஜா. பன்னிரண்டு யானை எப்படி ஆயிரமாயிற்று என்று பிள்ளைகள் அடுத்ததாகக் கண்டுபிடிக்க வேண்டாமா?” என்றான். திருமேனி வாத்தியார் மருதப்பன் கையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு வீடுவரை விடாமல் நடந்தார். தெருவே பார்த்துச் சிரித்தது, அவர் விடவில்லை.

தை மாதம் சொன்ன முகூர்த்தத்தில் அலர்மேலு கழுத்தில் தாலி ஏறியது. பரிசல்காரர் குடியிருப்பு முழுவதும் முன்வரிசையில் உட்கார்ந்து சாப்பிட்டது. மாமனாருக்கு மாப்பிள்ளை பெருமையைச் சொல்லி முடியவில்லை. கீர்த்திவாணர் அந்த மாசியிலேயே குடும்பத்தோடு ஊரைவிட்டுப் போய்விட்டார். போயும் போயும் அந்த மைத்துனர் வீட்டோடுதான். நாச்சியார் வளர்ந்து தெற்கே ஓர் ஊரில் வாழ்க்கைப்பட்டாள். அங்கேயும் ஒரு பள்ளிக்கூடம் வைத்தாளாம். மருமகள் ஊர்ப்பிள்ளைகளோடு கரை கரையாகச் சுற்றுகிறாளே என்று மாமியார் முதலில் முணுமுணுத்தாளாம். இப்போது அந்த மாமியாரே முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு முன்னால் நடக்கிறாள் என்று, அங்கிருந்து உப்பு விற்க வந்தவன் சொன்னான்.