கொடிக்காலுக்குள் வந்த காடு

முன்னொரு காலத்தில் வேங்கைமலை நாட்டை மகரபூஷணன் என்றொரு ராஜா ஆண்டுவந்தார். நல்ல மனுஷன்தான். ஆனால் காலையில் ஒரு சட்டம் போடுவார், மத்தியானச் சாப்பாடு ருசியாக இருந்தால் அதையே மாற்றிவிடுவார்.

அந்த நாட்டில் காட்டோரமாகச் சிலம்பாயி என்பவளுக்குக் கொஞ்சம் நிலம் இருந்தது. அப்பா விட்டுப்போனது. புருஷனை இழந்த பிறகு பல வருஷமாக அங்கே கேழ்வரகு விதைத்து, ஆடு வளர்த்துத் தனியாகவே காலம் தள்ளியவள். மாசித் திருவிழாவில் ஓடக்காரர் மருதையன் அவளிடம், "எனக்கும் யாருமில்லை, உனக்கும் யாருமில்லை. ஆற்றங்கரைக்கு வந்துவிடுகிறாயா?" என்று கேட்டார். சிலம்பாயிக்குச் சிரிப்பும் வந்தது, வெட்கமும் வந்தது. சரி என்றாள். நிலத்தை ஊர்க் குயவருக்கு விற்பதாகப் பேசி முடித்தாள். ஆவணி பிறந்தால் கல்யாணம்.

பத்திரம் பதியப் போன இடத்தில்தான் வில்லங்கம். "காட்டை ஒட்டின நிலம் அம்மா. இது காடு இல்லை என்று வனாதிகாரி ஒப்புதல் கொடுத்தால்தான் பதிவேன்" என்று கைவிரித்துவிட்டார் கணக்கர்.

வனாதிகாரி வீரகண்டருக்கோ அந்த நிலத்தின் மேல் வெகுநாளாகக் கண். அங்கே தனக்கொரு வேட்டை மாளிகை கட்ட ஆசை. "எனக்குச் சும்மா கொடு" என்று ஒருமுறை கேட்டு, சிலம்பாயியிடம் மூக்குடைபட்ட கோபம் வேறு. ஒப்புதல் தர மாட்டேன் என்றார். அவள் நேரே அரசவைக்குப் போய்விட்டாள்.

"மகாராஜா, தங்கள் மான்கள் அந்த நிலத்தில் மேய்ந்து போவதை நானே பார்த்தேன்" என்றார் வீரகண்டர். "காட்டு விலங்கு கால் வைத்த இடமெல்லாம் காடுதானே!"

மான் என்றால் ராஜாவுக்கு உயிர். "ஆகா, சரியான பேச்சு! அது காடுதான். இனி அந்த நிலத்தில் இருப்பது எல்லாம் எனக்குச் சொந்தம்!" என்று எழுந்து போய்விட்டார்.

சிலம்பாயிக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது. வீட்டுக்குப் போனவள் பட்டியில் நின்ற ஆடுகளையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு கண்ணைத் துடைத்துக்கொண்டு எல்லாவற்றையும் அவிழ்த்துவிட்டாள்.

வெள்ளாட்டுக்குச் சொல்லியா தரவேண்டும்? விடிவதற்குள் அவை வீரகண்டரின் வெற்றிலைக் கொடிக்காலில் இருந்தன. ராஜாவுக்குத் தினமும் வெற்றிலை போகிற கொடிக்கால் அது. அன்று போகவில்லை. வாய் சிவக்காத ராஜா சிடுசிடுவென்று சபைக்கு வந்தார். வீரகண்டர் சிலம்பாயியையும் ஆடுகளையும் இழுத்து வந்தார்.

"இவள் ஆடுகள் என் கொடிக்காலையே மொட்டையடித்துவிட்டன மகாராஜா! கோலால் அடித்தும் நகரவில்லை!"

சிலம்பாயி ராஜாவைக் கும்பிட்டுவிட்டு நிமிர்ந்து நின்றாள்.

"எனக்கு ஏது ஆடு மகாராஜா? என் நிலம் காடு என்று நேற்றுத் தீர்ப்பாயிற்று. காட்டில் பிறந்து, காட்டுப் புல் தின்றவை காட்டு விலங்கல்லவா? தங்கள் சொத்தை நான் கட்டிவைக்கலாமா? அவற்றைக் கோலால் அடித்தவரைத் தாங்கள்தான் விசாரிக்க வேண்டும்."

"வெள்ளாடு காட்டு விலங்கா? கொம்பைப் பார்த்தாலே தெரியாதா?" என்று கத்தினார் வீரகண்டர்.

"மானுக்கும் கொம்பு உண்டே ஐயா!"

சபை கொல்லென்று சிரித்தது.

"இன்னொரு சந்தேகம் மகாராஜா. காட்டு விலங்கு கால் வைத்த இடமெல்லாம் காடு என்று ஐயா சொன்னார். ஐயாவின் கொடிக்காலில் இவை கால் வைத்து, படுத்து, அசைபோட்டும் முடித்துவிட்டன. அது இனிக் கொடிக்காலா, காடா?"

அந்த நேரம் பார்த்து ஒரு கிடா கயிற்றை உருவிக்கொண்டு ஓடிவந்தது. சிம்மாசனப் படியில் முன்னங்காலை வைத்து, ராஜாவின் மாலையை எட்டிப் பார்த்தது. ராஜா இரண்டு காலையும் தூக்கிக்கொண்டார்.

"வீரகண்டரே, சீக்கிரம் சொல்லும்! இது ஆடா, காட்டு விலங்கா? காட்டு விலங்கு என்றால் என் சிம்மாசனமும் காடாகிவிடும்!"

"ஆ... ஆடுதான் மகாராஜா."

"இது மேய்ந்த நிலம்?"

"இவளுடைய நிலம்தான்."

ராஜா வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். "நேற்று நான் அவசரப்பட்டுவிட்டேன் அம்மா. இனி எல்லைக்கல் வரைக்கும்தான் காடு. யார் வாய் வைத்தாலும் அது நகராது. வீரகண்டரே, இங்கேயே ஒப்புதல் எழுதும். பதிவுக்கு நீரே சாட்சியாகப் போய், ஊர்ஜனத்தோடு வரிசையில் நின்று கையெழுத்துப் போட்டுவிட்டு வாரும். எல்லைக்கல்லை மூடின புதரை வெட்டுகிற வேலையும் இனி உம்முடையதுதான்." பிறகு சிலம்பாயியிடம், "அப்பா நிலத்தை ஏனம்மா விற்கிறாய்?" என்று கேட்டார்.

"கல்யாணம் மகாராஜா" என்று தலையைக் குனிந்துகொண்டாள். ராஜா தன் முத்துமாலையைக் கழற்றிக் கொடுத்தார்.

பதிவு நாளில் வீரகண்டர் பட்டு அங்கவஸ்திரத்தோடு வெயிலில் வரிசையில் நின்றார். முன்னால் நின்ற கிழவர் அவரிடம் சுண்ணாம்பு இருக்கிறதா என்று கேட்டார். முறை வந்ததும் யாரையும் பார்க்காமல் கையெழுத்துப் போட்டுவிட்டு வேகமாக நடந்துவிட்டார்.

கட்டைவிரலில் மை தடவியதும் சிலம்பாயி சற்றுத் தயங்கினாள். அப்பாவின் முகம் நினைவுக்கு வந்தது.

"கை நடுங்குது" என்றாள் மெதுவாக.

"நடு ஆற்றில் ஓடம் ஆடும்போது இன்னும் நடுங்கும். இப்போதே பழகிக்கொள்" என்றார் பக்கத்தில் நின்ற மருதையன்.

அவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. சிரித்துக்கொண்டே விரலை அழுத்தி ரேகையைப் பதித்தாள்.