பதிவாகாத அறை

தமீமுக்கு வயது நாற்பது. பாதி ஆயுசு உதவி ஒளிப்பதிவாளராகவே ஓடிவிட்டது. அவனுடைய குரு ஜெசிந்தா அவனைவிட இளையவர். ஒரு வருடம் ஆவணப்படம், மறு வருடம் சினிமா என்று இரண்டிலும் அசராமல் நின்ற ஒளிப்பதிவாளர்.

"ரெண்டுக்கும் என்ன மேடம் வித்தியாசம்?" என்று கேட்டால், "வேலையைப் பாருங்க" என்பார். அதோடு சரி.

மண்டபம் படகுத்துறையில் ஆவணப்படம் எடுத்துக்கொண்டிருந்தார்கள். கடலில் பிடிபட்டுச் சிறையில் கிடந்த மீனவர்கள் கரைக்கு வரும் நாள். கூட்டத்தின் முன்னால் ஒரு தாய் மகனுக்காகக் காத்து நின்றாள்.

"படகை நான் எடுக்கறேன். அந்த அம்மாவை நீங்க எடுங்க. நல்லா வந்தா அடுத்த படத்துல கேமரா உங்க கையில," என்றார் ஜெசிந்தா.

மகனைக் கண்டதும் அந்தத் தாய் ஓடிவந்தாள். கட்டிக்கொள்வாள் என்று பார்த்தால், பளாரென்று ஒரு அறை விட்டாள். பிறகு அறைந்த கன்னத்தையே கட்டைவிரலால் தடவித் தடவிக் கொடுத்தாள்.

தமீம் கேமராவைப் பார்த்தான். பதற்றத்தில் பொத்தானை இரண்டு தரம் அழுத்தித் தொலைத்திருக்கிறான். ஓட ஆரம்பித்த கேமரா அப்போதே நின்றுவிட்டது; பதிவாவதைக் காட்டும் சிவப்பு லைட் எரியவில்லை.

"கோட்டை விட்டுட்டேன் மேடம். அந்த அம்மாவை இன்னொரு தடவை ஓடிவரச் சொல்லட்டுமா?"

"போய்க் கேளுங்க."

போனான். தாயின் விரல் இன்னும் மகனின் கன்னத்தில்தான் இருந்தது. கொஞ்ச நேரம் நின்றுவிட்டுத் திரும்பி வந்தான்.

"கேட்டீங்களா?"

"வாய் வரலை மேடம்."

ஜெசிந்தா தன் கேமராவைப் படகின் பக்கம் திருப்பினார். அடுத்த படம் போச்சு என்று தமீம் மனசைத் தேற்றிக்கொண்டான்.

சில மாதம் கழித்துச் சென்னையில் சினிமாப் படப்பிடிப்பு. கேமராவில் ஜெசிந்தா, தமீம் பழையபடி உதவியாளன்தான். அன்றைக்கென்று பார்த்து, சிறையிலிருந்து வரும் மகனைத் தாய் சந்திக்கும் காட்சி.

நடிகை கட்டிப்பிடித்து அழுதார். "ஒன் மோர்" என்றார் இயக்குநர். டேக் மேல் டேக் போனது. கண்ணீருக்குக் குறைச்சல் இல்லை, காட்சிதான் வரவில்லை.

"இது அதில்ல," என்று முணுமுணுத்தான் தமீம்.

ஜெசிந்தா திரும்பினார். "எது?"

அந்த அறையைச் சொன்னான். கட்டைவிரலைச் சொன்னான். சொல்லும்போதே தன் கன்னத்தைத் தடவிக் காட்டினான். கேட்டுக்கொண்டிருந்த நடிகை முகத்தைத் துடைத்துக்கொண்டு, "அப்படியே பண்றேன் சார்" என்றார். இயக்குநரும் தலையாட்டினார்.

ஜெசிந்தா கேமராவை விட்டு எழுந்தார்.

"உக்காருங்க தமீம்."

"அங்கயே கோட்டை விட்டவன் மேடம். இங்க நான் எப்படி?"

"அங்க கேட்க உங்களுக்கு வாய் வரலை. இங்க எத்தனை தடவை வேணும்னாலும் கேளுங்க." அவர் நகர்ந்து நின்றுகொண்டார். "சிவப்பு லைட் எரியுதான்னு மட்டும் பார்த்துக்குங்க."