எய்னார் செத்த காட்சி

இன்னும் நெருங்கி உட்காருங்க. இது ஊமைப்படக் கதை. தள்ளி உட்கார்ந்தால் பாதிதான் காதில் விழும்.

"எனக்கு இல்லாதது அவனுக்கு என்ன இருக்கு அம்மா?" என்று கேட்டான் ஹோல்கர்.

கோபன்ஹேகன் பட்டணத்தில், பேச்சு வராத சினிமா ஓடிய காலம் அது. ஹோல்கர் அதில் துணை நடிகன். நாயகனுக்குக் குடை பிடிப்பான், கதவு திறப்பான், சாய்ந்து அழத் தோள் கொடுப்பான்.

நாயகன் எப்பவும் எய்னார்தான். அவன் வாசலில் பூங்கொத்து குவியும். இவனுக்கு வயிறு எரியும்.

கேட்டது தோராவிடம். நடிகர்களுக்கு அபிநயம் சொல்லித் தருகிற குரு, அவனைவிட இளையவள். சின்ன வயசுக் காய்ச்சலில் காது போனவள். எதிராளி உதட்டைப் பார்த்தே பேச்சைப் பிடித்துவிடுவாள்.

"நாளைக்கு எங்களுக்குச் சண்டைக் காட்சி. ஜனம் அவனை விட்டுவிட்டு என்னைப் பார்க்கிற மாதிரி ஒரு வித்தை சொல்லுங்க. இல்லாட்டி நடிப்பே வேண்டாம், மீன் விற்கப் போறேன்."

"போன படம் ஓடுதே, பார்த்தீரா?"

"பல தடவை."

"என்னோடு ஒரு தடவை வாரும்."

கொட்டகையில், எய்னார் சாகிற காட்சி. போர்க்களம். சிநேகிதனாக வரும் ஹோல்கரின் மடியில் கிடக்கிறான். ஹோல்கர் உதடு துடிக்க அழுகிறான்.

கொட்டகையே மூக்கை உறிஞ்சியது. தோரா மட்டும் சிரித்தாள்.

"என்னம்மா?" என்று, திரை வெளிச்சத்தில் உதடு தெரியும்படி அவள் பக்கம் திரும்பிக் கேட்டான்.

"'சீக்கிரம் செத்துத் தொலைடா கழுதை' என்கிறீரே!"

ஹோல்கருக்கு வேர்த்துவிட்டது. ஊமைப்படத்தில் யாருக்குத் தெரியப்போகுது என்று, படம் பிடிக்கும்போது வாயில் வந்தபடி திட்டியிருந்தான்.

"அவன் மட்டும் என்ன? அவனும் என்னைத் திட்டித்தானே இருப்பான்?"

"உமக்குக் கேட்கவில்லையா?"

"அழுகை வரட்டும்னு காதுக்குப் பக்கத்தில் பிடில் வாசித்தார்கள். எங்கே கேட்க?"

அந்தக் காலத்து நாயகன் லேசில் சாகமாட்டான். திரையில் எய்னார் இன்னும் ஏதோ முனகிக்கொண்டிருந்தான். தோரா அவன் உதட்டைப் பார்த்தபடியே சொன்னாள்:

"'ஹோல்கர், உன் முகம் இருட்டில் இருக்கு. இன்னும் குனி. நான் அந்தப் பக்கம் திரும்பிக்கிறேன், விளக்கு உன்மேலே விழட்டும்.'"

"பொய்! அவனாவது, வெளிச்சத்தை விட்டுத் தருவதாவது!"

திரையில் எய்னார் தலையைத் திருப்பிக்கொண்டான்.

"இந்த இடத்தில் உம்முடைய முகம் எப்படி இருக்கும்? சொல்லும் பார்ப்போம்."

இத்தனை தடவை பார்த்தும் ஹோல்கரின் கண் எய்னாரை விட்டு நகர்ந்ததில்லை. இப்பவும் எய்னாரின் பிடரியைத்தான் முறைத்துக்கொண்டிருந்தான்.

தோரா அவன் மோவாயைப் பிடித்து, திரையில் அந்தப் பிடரிக்குச் சற்று மேலே, வெளிச்சம் விழுந்திருந்த இடத்துக்கு நிமிர்த்திவிட்டாள்.