பூட்டைத் தொடாமல் திறந்த பூவராகன்

முன்னொரு காலத்தில் ஒரு ராஜா கலாசாலை ஒன்று நடத்திவந்தார். அங்கே ரகசிய எழுத்தும் பூட்டு சாஸ்திரமும் சொல்லிக்கொடுத்தவன் விகடகவி பூவராகன். பூட்டு செய்வது பாதிப் பாடம், அதை உடைப்பது மீதிப் பாடம். அந்த மீதிதான் பொக்கிஷ அதிகாரி சடகோபருக்குப் பிடிக்கவில்லை.

"பிரபு, அரண்மனைச் செலவில் திருடர்களைத் தயார்செய்கிறான் இவன்" என்றார் ஒருநாள்.

"உடைத்துப் பார்க்காத பூட்டை நம்பி எப்படித் தூங்குவது, பிரபு?" என்றான் பூவராகன்.

"என் பூட்டை உடைக்கட்டுமே, பார்க்கலாம்."

சடகோபர் புதிதாகச் செய்திருந்த பூட்டு அது. நான்கு சக்கரங்கள், அவற்றில் எழுத்துகள். சரியான சொல் சேர்ந்தால்தான் திறக்கும். சொல்லை மாற்றுவதானாலும் முதலில் பழைய சொல்லை வைத்துத் திறந்தாக வேண்டும். அந்தச் சொல் அவர் ஒருவருக்கே தெரியும்.

ராஜாவுக்கு விளையாட்டுப் புத்தி வந்துவிட்டது. "பூவராகா, நீயோ உன் ஆட்களோ விரல்கூட வைக்காமல் நாளைச் சபையில் அந்தப் பூட்டு திறக்க வேண்டும். இல்லையென்றால் கலாசாலையை மூடிவிடுவேன்."

மாணவர்கள் மூட்டை கட்டத் தொடங்கினார்கள். "தொட்டாலே திறக்க முடியாத பூட்டு, ஐயா."

"பூட்டை விடுங்கள். சடகோபர் எப்படிப்பட்டவர்?"

"அவரா? எதற்கெடுத்தாலும் பதறுவார்."

"அது போதும்."

மறுநாள் பூவராகன் மூச்சிரைக்கச் சபைக்குள் வந்தான். சடகோபர் முன்னால் வைத்திருந்த பூட்டைத் திரும்பியும் பார்க்கவில்லை. நேரே சடகோபரின் காதருகே குனிந்தான். "ஐயா, உங்கள் சொல் வெளியே போய்விட்டதாகக் கடைத்தெருவில் பேச்சு அடிபடுகிறது. உடனே மாற்றிவிடுங்கள்."

"ஐயையோ, எவன் சொன்னான்?" சடகோபர் பூட்டை மடியில் இழுத்து வைத்துக்கொண்டு சக்கரங்களைத் திருகினார். மறைத்துக்கொள்ளக்கூடத் தோன்றவில்லை. பின்னால் நின்றவர்கள் எழுத்துக் கூட்டிப் படித்தார்கள்.

"அ... ல... மே... லு."

பூட்டு திறந்துகொண்டது.

"யார் ஐயா அலமேலு?" என்றார் ராஜா.

"என் சம்சாரம், பிரபு."

"வீட்டில் அந்தம்மாளைப் பேர் சொல்லிக் கூப்பிட்டிருக்கிறீரா?"

"இல்லை, பிரபு. அதனால்தான் யாருக்கும் தோன்றாது என்று வைத்தேன்."

ராஜா வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்.

"கடைத்தெருவில் பேசியது யாரப்பா?" என்று முனகினார் சடகோபர்.

"நான்தான், ஐயா. தனியாகப் பேசிக்கொண்டே வந்தேன்." பூவராகன் ராஜாவைக் கும்பிட்டான். "பூட்டில் குற்றமில்லை, பிரபு. எங்களில் யாராலும் அதைத் திறந்திருக்க முடியாது. பயமுறுத்தினால் பூட்டியவரே திறந்துவிடுகிறார். அதையும்தான் சொல்லிக்கொடுக்கிறோம்."

"கலாசாலை பிழைத்தது. வேறென்ன வேண்டும், கேள்."

"பூட்டு செய்யச் சொல்லித்தர சடகோபர் வேண்டும், பிரபு."

சடகோபருக்குக் கண் கலங்கிவிட்டது. திரும்பி உட்கார்ந்து, வேறு சொல் வைத்துப் பூட்டினார். ராஜாவுக்கு ஆவல் தாங்கவில்லை. "இப்போது என்ன சொல்? எனக்கு மட்டும் சொல்லும்."

சடகோபர் வாயைத் திறந்தார். பூவராகனைப் பார்த்தார். மூடிக்கொண்டார்.

"மன்னிக்க வேண்டும், பிரபு. தாங்கள் கேட்டாலும் சொல்வதற்கில்லை."

ராஜா கிரீடம் சரியச் சிரித்து, இரண்டு முத்துமாலைகளைக் கழற்றி ஆளுக்கொன்றாகப் போட்டார். சபையில் நடந்தது அலமேலு அம்மாளின் காதுக்கும் எட்டி, அன்று சடகோபர் வீட்டில் பாயசமாம்.