மூணு கிண்ணத்துக்கு அளவு

உடுமலைப்பேட்டையில் பெர்சிஸ் மிஸ்ஸிடம் கேக் செய்யக் கற்றுக்கொள்ளப் போகிறவர்களுக்கு முதல் நாளே ஒன்று தெரிந்துவிடும். அந்தம்மாவிடம் கேள்வி கேட்டால் லேசில் பதில் வராது. "என் கேக்கு மட்டும் ஏன் மிஸ் நடுவுல அமுங்கிப் போகுது?" என்று ஒருத்தி கேட்டாளாம். மிஸ் எழுந்து போய் ஓவன் கதவைத் திறந்து எட்டிப் பார்த்தார், மூடினார். மறுபடி திறந்தார், பார்த்தார், மூடினார். கேக் வேகும்போது கேட்டவள் செய்கிற காரியமே அதுதான். அவளுக்கு முகத்தை எங்கே வைத்துக்கொள்வது என்று தெரியவில்லை. மிஸ்ஸுக்கு வயசு என்னவோ முப்பத்தைந்தைத் தாண்டாது. அதற்குள் இப்படி ஒரு பேர்.

அந்த வீட்டு வாசலில் ஒரு நாள் காலையில் சென்னியப்பன் வந்து நின்றார். தெருத் தெருவாகப் பால் ஊற்றியே காலம் தள்ளிய மனுஷன், அறுபதை நெருங்குகிறவர். அவருடைய ஒரே மகள் தேன்மொழி இந்த மிஸ்ஸிடம்தான் கற்றுக்கொண்டாள். போன ஐப்பசியில் காய்ச்சல் என்று படுத்தவள் எழுந்திருக்கவில்லை. காலேஜ் முடித்துவிட்டு வேலைக்கு எழுதிப் போட்டிருந்த பிள்ளை. இதைச் சொல்ல எனக்கே வாய் வரமாட்டேன் என்கிறது. சொல்லாமலும் முடியாது.

"வாங்க, தேன்மொழி அப்பா," என்றார் மிஸ்.

தெருவில் எல்லாரும் முன்பு சென்னியப்பனை அப்படித்தான் கூப்பிட்டார்கள். அவள் போன பிறகு ஒருத்தர் விடாமல் 'அண்ணா' என்றும் 'பால்காரரே' என்றும் மாற்றிக்கொண்டார்கள். நல்ல மனசில்தான். அந்தப் பேரை அவர் காதால் கேட்டே எத்தனையோ நாள் ஆகியிருந்தது.

"மயிலாத்தா சாப்பிட மாட்டேங்கறா, மிஸ்," என்று பெண்டாட்டியைப் பற்றிச் சொன்னார். மகள் கூப்பிட்டபடியே அவரும் மிஸ் என்றுதான் கூப்பிட்டார். "கஞ்சித் தண்ணிக்கு மேல ஒண்ணும் எறங்கல. இப்படியே போனா ஆளைத் தேத்த முடியாதுன்னு டாக்டர் சொல்லிட்டாரு. நேத்துத்தான் வாயத் தெறந்து ஒண்ணு கேட்டா."

"என்ன கேட்டாங்க?"

"பாப்பா கிண்ணத்துல எலுமிச்சம்பழம் போட்டு ஒண்ணு செய்யுமே, மேல பஞ்சாட்டம் கேக்கு, கீழ கொழகொழன்னு கஸ்டர்டு. அது இருந்தா ரெண்டு வாய் சாப்பிடுவேன்னா."

மிஸ் தலையை ஆட்டினார்.

"நீங்களே ரெண்டு கிண்ணம் செஞ்சு குடுத்தீங்கன்னா புண்ணியமாப் போகும்."

"நான் செஞ்சா அது கடைப் பண்டம். உங்க வீட்டு ஓவன்ல வெந்ததைத்தானே கேக்கறாங்க?"

"எனக்குப் பால் காய்ச்சத்தான் தெரியும்."

"அது போதும். கேட்டுக்கங்க," என்று மிஸ் செய்முறையைச் சொன்னார். வெண்ணெய், சர்க்கரை, எலுமிச்சைத் தோல் துருவல் மூன்றையும் குழைக்க வேண்டும். முட்டையின் மஞ்சள் கரு, மைதா, பால். அதன் பிறகு எலுமிச்சைச் சாறு. கடைசியில் முட்டை வெள்ளையை நுரையாக அடித்து மெதுவாகச் சேர்த்து, கிண்ணங்களில் ஊற்றி, கிண்ணங்களைச் சுடுதண்ணீர் ஊற்றிய தட்டில் நிற்க வைத்து ஓவனில் வேக விட வேண்டும். அளவையும் சொன்னார்.

"இது எத்தனை கிண்ணத்துக்குங்க?"

"மூணு."

"நாங்க இப்ப ரெண்டு பேருதானுங்களே."

"மூணுக்குத்தான் சொன்னேன்," என்று மிஸ் எழுந்து உள்ளே போய்விட்டார்.

இதென்ன பொம்பளை என்று நினைத்துக்கொண்டே சென்னியப்பன் வீட்டுக்கு நடந்தார்.

தேன்மொழியின் ஓவன் சமையல்கட்டு மேடையில் துண்டு போட்டு மூடிக் கிடந்தது. துண்டை எடுக்கவே அவருக்குத் தைரியம் வேண்டியிருந்தது. பக்கத்து அறையில் மயிலாத்தாள் சுவரைப் பார்த்துப் படுத்திருந்தாள். வெண்ணெயும் சர்க்கரையும் சுமாராகக் குழைந்தன. பால் விடுகிறவரை எல்லாம் ஒழுங்காகத்தான் போனது. எலுமிச்சைச் சாற்றை விட்டார், கலக்கினார். கண் முன்னாலேயே எல்லாம் திரிந்துபோனது. தண்ணீர் ஒரு பக்கம், திப்பி திப்பியாக மாவு ஒரு பக்கம்.

பால்காரன் வீட்டில் திரிந்த பாலுக்கு ஒரே இடம்தான். மறு யோசனை இல்லாமல் பாத்திரத்தைத் தொட்டியில் கவிழ்த்துத் தண்ணீரைத் திறந்துவிட்டார்.

மறுநாள் பாலை நன்றாகக் காய்ச்சி ஆறவைத்து விட்டுப் பார்த்தார். திரிந்தது, கொட்டினார். அடுத்த நாள் நாட்டு மாட்டுப் பால். அதுவும் திரிந்தது. இத்தனை வருஷத்தில் ஒரு வீட்டுக்குக்கூடத் திரிந்த பால் ஊற்றாத கை, பெண்டாட்டி கேட்ட ஒன்றுக்கு இப்படிச் சதி செய்கிறதே என்று அழுகை வந்தது. அழுதார், யார் பார்க்கப் போகிறார்கள்?

அப்புறம் ஒரு தந்திரம் செய்தார். சாற்றைப் பேருக்கு நாலு சொட்டு விட்டு, மைதாவை அள்ளிப் போட்டு, திப்பி தெரியாமல் வழவழவென்று வரும்வரை அடித்தார். வெந்து வந்ததை மயிலாத்தாளிடம் கொண்டுபோனார். அவள் கரண்டியை உள்ளே விட்டாள். அடிவரைக்கும் ஒரே கட்டி.

"இது இல்லீங்க," என்று சொல்லிவிட்டு மறுபடி சுவர்ப்பக்கம் திரும்பிக்கொண்டாள். அவள் மணிக்கட்டு வளையல் முழங்கைவரை ஓடியது. சென்னியப்பன் அதைப் பார்க்காத மாதிரி கிண்ணத்தை எடுத்துக்கொண்டார்.

அந்தக் கிண்ணத்தோடு நேராக மிஸ் வீட்டுக்குப் போனார். மிஸ் ஒரு வாய் எடுத்துப் பார்த்தார்.

"நல்ல கேக்கு," என்றார்.

"கிண்டல் பண்ணாதீங்க. என்ன தப்புன்னு சொல்லுங்க."

"நீங்க எனக்கு எதைச் சொல்லல?"

சென்னியப்பன் தரையைப் பார்த்தார். "திரிஞ்சு போகுதுங்க. ஒவ்வொரு தடவையும். அதான் கொட்டிட்டேன்."

மிஸ் செருப்பைப் போட்டுக்கொண்டு அவரோடு கிளம்பிவிட்டார்.

வீட்டுக்கு வந்து சமையல்கட்டில் ஒரு ஓரமாக நின்றார். எதையும் தொடவில்லை. சென்னியப்பன் குழைத்தார், கலந்தார், பால் விட்டார். சாற்றை விட்டார். திரிந்தது. அவர் கை தன்னால் பாத்திரத்தைத் தொட்டிப் பக்கம் தூக்கியது. மிஸ் பாத்திரத்தின் மறு விளிம்பைப் பிடித்துக்கொண்டார்.

"கெட்டுப் போச்சுங்க, மிஸ்."

"ஆமா."

"திரிஞ்சிருச்சு. இனி சேராது."

"சேராது. நுரையைப் போட்டுக் கிண்ணத்துல விடுங்க."

"திரிஞ்சதையா?"

"வேற எது இருக்கு உங்ககிட்ட?"

சென்னியப்பனுக்கு எதிர்த்துப் பேசத் தெம்பில்லை. இன்னொரு தடவை கொட்டிக் கழுவி முதலிலிருந்து ஆரம்பிக்க அவரால் முடியாது, அவ்வளவுதான். முட்டை நுரையைச் சேர்த்தார். பார்க்கவே சகிக்கவில்லை. மேடையில் மகளுடைய வெள்ளைப் பீங்கான் கிண்ணங்கள் மூன்று இருந்தன. மூன்றிலும் ஊற்றினார். சுடுதண்ணீர்த் தட்டில் வைத்து ஓவனுக்குள் தள்ளினார். நிமிர்ந்து பார்த்தபோது மிஸ் போயிருந்தார்.

ஓவனுக்கு முன்னால் முக்காலி போட்டு உட்கார்ந்தார். கதவைத் திறக்கவில்லை. கொஞ்ச நேரத்தில் எலுமிச்சை வாசம் வந்தது. அது தேன்மொழியின் ஞாயிற்றுக்கிழமை வாசம். பக்கத்து அறையில் கட்டில் முனகுவது கேட்டது. மயிலாத்தாள் எழுந்து உட்காருகிறாள் என்று அவருக்குப் புரிந்தது. எழுந்து போய்ப் பார்க்க அவருக்குப் பயமாக இருந்தது.

கிண்ணங்களைத் தட்டில் வைத்து எடுத்துப் போனார். மயிலாத்தாள் ஒன்றை வாங்கிக் கரண்டியை விட்டாள். மேலே பஞ்சு மெத்தென்று பிளந்தது, கீழே மஞ்சளாகக் கஸ்டர்டு. சென்னியப்பன் தன் கண்ணையே நம்பவில்லை. அந்தத் திப்பியும் தண்ணீருமா இது?

அவள் ஒரு வாய் சாப்பிட்டாள். இரண்டாவது வாய். கண்ணீர் கிண்ணத்துக்குள் விழுந்தது, அதையும் சேர்த்துச் சாப்பிட்டாள். கடைசியில் விரலால் வழித்து நக்கினாள். ஐப்பசிக்குப் பிறகு அவள் ஒரு பாத்திரத்தைக் காலி செய்தது அதுதான். சென்னியப்பனும் தன்னுடையதைச் சாப்பிட்டார். தட்டில் ஒன்று மிச்சம் இருந்தது.

மயிலாத்தாள் அதையே பார்த்தாள்.

"அது யாருக்குங்க?" என்றாள்.

சென்னியப்பனின் கை பழக்கத்தில் மூன்றையும் தூக்கிவந்துவிட்டது. அவள் வாயைப் பொத்திக்கொண்டு அழுதாள். மகளைத் தூக்கிக்கொண்டு போன அன்றுகூட அவள் அப்படி அழவில்லை. அன்றைக்கு மரமாக நின்றாள். அழுது ஓய்ந்த பிறகு, "நாளைக்கும் செய்யுங்க, சாப்பிடறேன். ஆனா ரெண்டு போதும். அந்த மூணாவதை மட்டும் என் கண்ணுல காட்டாதீங்க," என்றாள்.

விடிந்தும் விடியாமலும் சென்னியப்பன் மிஸ் வீட்டுக் கதவைத் தட்டினார். பால் கேனைக்கூடத் தன் வீட்டு வாசலில் வைத்துவிட்டு ஓடிவந்திருந்தார்.

"சாப்பிட்டாங்களா?" என்றார் மிஸ்.

"சாப்பிட்டா. முழுசா வழிச்சுச் சாப்பிட்டா."

"அப்புறம்?"

"மூணாவதைப் பாத்து அழுதா, மிஸ். அந்த அழுகையை என்னால கேக்க முடியல. இன்னிக்கும் செய்யச் சொல்லியிருக்கா, ஆனா ரெண்டு போதுங்கறா. ரெண்டு கிண்ணத்துக்கு அளவு சொல்லுங்க."

மிஸ் அடுப்பில் பால் வைத்து காபி கலந்தார். ஒரு டம்ளரை அவர் முன்னால் வைத்தார். இன்னொன்றைத் தான் எடுத்துக்கொண்டார்.

"அந்தக் கிண்ணத்தை என்ன பண்ணினீங்க?"

"அப்படியே இருக்குதுங்க. அவளும் எடுக்கல, நானும் எடுக்கல. தூக்கிப் போடவும் கை வரல."

"இன்னிக்குச் சாயங்காலம் கெட்டுப்போயிரும்."

"தெரியுமுங்க."

"கழுவி வையுங்க. திரும்பவும் வேணும்."

சென்னியப்பனுக்குக் கோபம் வந்தது. வாழ்க்கையில் யாரிடமும் குரல் உயர்த்திப் பேசாத மனுஷன் எழுந்தே விட்டார்.

"கல்யாணத்துக்கு எரநூறு கிண்ணம் செஞ்சு அனுப்பறவங்க நீங்க. பொறந்தநாளுக்கு அஞ்சு கேட்டா அஞ்சு செய்யறீங்க. ரெண்டுக்கு அளவு உங்களுக்குத் தெரியாதா? ரெண்டே ரெண்டு. அவ சாப்பிடணும், மிஸ். இல்லைன்னா எனக்கு அவளும் இல்ல."

மிஸ் டம்ளரைக் கீழே வைத்தார். கண்கள் கலங்கியிருந்தன, குரல் மட்டும் அப்படியே இருந்தது.

"ஊர்ல யாரு வீட்டுக்கு வேணும்னாலும் எத்தனைக்கு வேணும்னாலும் சொல்லுவேன். உங்க வீட்டுக்கு மூணுதான் எனக்குத் தெரியும், தேன்மொழி அப்பா."