கிதோயின் வாயைத் தைத்த ஊசி

சிறியோரே, பெரியோரே, செவி கொடுங்கள். முன்னொரு காலத்தில், மரங்களும் மீன்களும் மனிதரோடு வழக்காடிய காலத்தில், கீழைக்கடலின் நடுவே சம்பகீதை என்றொரு தீவரசு இருந்தது. அங்கே திருமணப் பந்தியின் நடுவில் எப்போதும் நிறைகோழிதான் வீற்றிருக்கும்.

அரண்மனைக் கோழிகள் ஆட்டுக்குட்டி அளவு வளரும். அப்படி ஒன்றைப் பிடித்து, தோல் கிழியாமல் எலும்பையெல்லாம் உருவியெடுத்து, எலுமிச்சைச் சாற்றில் ஊறவைப்பார்கள். கொத்திறைச்சியும் காரட்டும் உலர்திராட்சையும் பிசைந்து உள்ளே அடைப்பார்கள். நடுவில், கழுத்து முதல் வால் வரை, அவித்த முட்டைகளை வரிசையாகக் கிடத்தி, முதுகைத் தைத்துச் சுடுவார்கள். அறுக்கும்போது ஒவ்வொரு துண்டிலும் மஞ்சட்கரு நிலவைப் போல் தெரிய வேண்டும். அரசரின் துண்டிலும் அதே நிலவு. துடுப்புப் போடுபவரின் துண்டிலும் அதே நிலவு. இது தீவின் நெறி. நெறி பிழைத்த பந்தியில் நடந்த திருமணம் செல்லாது.

தலைமைச் சமையற்காரன் பெயர் கிதோய். பசித்து வந்த மலைத்தேவதைக்கு ஒருமுறை அவன் உணவளித்தான். அவள் மகிழ்ந்து ஒரு வெள்ளி ஊசியைக் கொடுத்தாள். அந்த ஊசி பேசும்.

"என்னால் தைத்தால் தையல் தெரியாது. ஆனால் குற்றத்தை மறைக்கத் தைத்தால், உன்னையும் தைப்பேன்" என்றது அது.

"நானா? குற்றமா?" என்று சிரித்த கிதோய், ஊசியைத் தலைப்பாகையில் செருகிக்கொண்டான்.

இளவரசியின் திருமண நாள் வந்தது. கிதோயின் தங்கை தலிசாய் விடியற்காலை முதல் பிசைந்து வைத்த கலவை, பெரிய சட்டியில் மணத்தது.

"அண்ணா, வாழையிலை பறித்து வருகிறேன். சட்டியைப் பார்த்துக்கொள்" என்று சொல்லி அவள் தோட்டத்திற்குப் போனாள்.

கிதோய் ஒரு பிடி கலவையை வாணலியில் வதக்கி வாயில் போட்டான், உப்புப் பார்க்க. இன்னொரு பிடி வதக்கிப் போட்டான், இனிப்புப் பார்க்க. மூன்றாவது பிடியை எதற்காக வதக்கினான்? அவனுக்கே தெரியாது. அப்புறம் கை நிற்கவில்லை. கண் விழித்ததுபோல் அவன் குனிந்து பார்த்தபோது, சட்டியில் பாதி இல்லை. முட்டைகளிலும் பாதிதான் மிச்சம். அதிலும் மூன்றை, பிறகு ஆகட்டும் என்று இடுப்புக் கச்சையில் முடிந்துகொண்டிருந்தான்!

வெட்கம் அவன் முகத்தைச் சுட்டது. 'தங்கையிடம் சொன்னால் இன்னொரு சட்டி பிசைந்துவிடலாம், நேரம் இருக்கிறது' என்று மனம் சொன்னது. 'தலைமைச் சமையற்காரன் தின்றுவிட்டான் என்று ஊர் சிரிக்குமே' என்று செருக்கு சொன்னது. அவன் செருக்கின் சொல்லைக் கேட்டான். கழுத்துப் பக்கம் நல்ல கலவையை அடைத்தான். அது அரசருக்குப் போகும். வால் பக்கம் நேற்றைய சோற்றை அடைத்தான். அது படகோட்டிகளுக்குப் போகும். வெள்ளி ஊசியால் தைத்தான். தையல் தெரியவில்லை.

பந்தியில் அரசர் இலாயாவின் துண்டில் நிலவு இருந்தது. மணமகன் துண்டிலும் இருந்தது. கடைசி வரிசையில், மணமகன் வீட்டாரைப் புயலினூடே ஏற்றிவந்த படகோட்டிகளின் தலைவி அமிஹான் தன் இலையைத் தூக்கிக் காட்டினாள்.

"அரசே, எங்கள் கோழி மட்டும் பழஞ்சோறு தின்று செத்ததோ?"

பந்தி எழுந்துவிட்டது. மணப்பெண் முகத்தை மூடிக்கொண்டாள். அரசர் தலிசாயை அழைத்தார்.

"பிசைந்தது நான்தான், அரசே. அடைத்தபோது இலை பறிக்கப் போயிருந்தேன். என் அண்ணனைக் கேளுங்கள், அவர் சொல்வார்" என்றாள் அவள்.

"கிதோய், அடைத்தது யார்?"

"என் தங்கை, அரசே." கிதோயின் உதட்டோரத்தில் சுருக்கென்று ஒரு தையல் விழுந்தது.

"நீ பார்த்தாயா?"

"என் கண்ணாலேயே பார்த்தேன்." இன்னொரு தையல்.

"மீதிக் கலவை எங்கே?"

"எனக்கெப்படித் தெரியும், அரசே?" மூன்றாவது தையல். அவன் வாய் ஒட்டிக்கொண்டது. தையல் யார் கண்ணுக்கும் தெரியவில்லை.

அரசர் தலிசாயை நாடு கடத்தினார். படகு ஆயத்தமாயிற்று. அவள் அழவில்லை. "அண்ணா, ஒரு வார்த்தை சொல்லேன்" என்று மட்டும் கேட்டாள். கிதோய் முனகினான், சொல் வரவில்லை.

தலைப்பாகைக்குள்ளிருந்து ஊசி பேசியது: "மறைத்ததைத் திற. நான் அவிழ்வேன்."

'பேசாமல் இருந்தால் நான் தப்பினேன்' என்று நினைத்தான் கிதோய். நினைத்த அந்த நொடியில் தன்னையே அருவருத்தான். படகு நகர்ந்தது. அவன் கடலுக்குள் ஓடினான், இடுப்பளவு நீரில் நின்று படகின் விளிம்பைப் பற்றினான், ஊரே பார்க்கத் தன் கச்சையை அவிழ்த்தான். முட்டைகள் மூன்றும் அலையில் விழுந்தன.

"அடடே, சமையற்காரர் முட்டையிட்டுவிட்டார்!" என்று ஒரு படகோட்டி கத்த, கரையெல்லாம் சிரித்தது. அந்தச் சிரிப்பின் நடுவில்தான் கிதோயின் வாய் திறந்தது.

"தின்றது நான். அடைத்தது நான். பொய் சொன்னதும் நான். இவளை இறக்கிவிடுங்கள்."

தலிசாய் அவனைப் பார்க்காமல் இறங்கினாள்.

அரசர் தீர்ப்பைப் படகோட்டிகளிடம் விட்டார். அமிஹான் சொன்னாள்: "எங்கள் கண்முன், இந்த மணலில், இன்னொரு கோழி செய்யட்டும். சாதாரண நூலால் தைக்கட்டும். தலைமைக் கரண்டி தங்கை கையில் இருக்கட்டும்."

கிதோய் எலும்பை உருவியபோது தோல் கிழிந்தது. "கிழிந்ததை எல்லாரும் பார்க்கட்டும், தை" என்றாள் தலிசாய். கறுப்பு நூல் குறுக்கும் நெடுக்குமாய்த் தெரிய அந்தக் கோழி வெந்தது. கழுத்து முதல் வால் வரை எல்லாத் துண்டிலும் நிலவு இருந்தது. திருமணம் நிலைத்தது. தலிசாய் அன்றே அரண்மனையின் தலைமைச் சமையற்காரியானாள்.

அன்பர்களே, கிதோயைக் கெடுத்தது அவன் பசியன்று. தின்றதைச் சொல்லக் கூசிய கூச்சம். பிழை செய்தவர் தலைகுனிவது பெருமைதான். ஆனால் குனிந்த தலைக்குக் கீழே இன்னொருவரை நிறுத்தாதீர்கள். உங்கள் வெட்கத்தை நீங்களே சுமந்து சபைக்கு வாருங்கள். சிரிப்பார்கள், சிரிக்கட்டும்!

அன்று எல்லாரும் உண்ட பின்னும் கிதோய் தொலைவில் நின்றான். தலிசாய் ஓர் இலையை விரித்தாள். அவனோடு இன்னும் பேச அவளுக்கு மனம் வரவில்லை. இலைக்கு எதிரே மணலைக் கையால் தட்டிக் காட்டினாள். அவன் வந்து உட்கார்ந்தான்.